கன்டெம்ப்ட் மனுவை வாபஸ் வாங்குவதற்கு முன்

"டீச்சர், கேஸை வாபஸ் வாங்கிட்டேன்னு ஒரு லெட்டர் மட்டும் குடுங்க. ஒரு வாரத்துல பில் பாஸ் ஆயிடும்."

ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவருக்கு அலுவலகத்திலிருந்து இப்படி ஒரு போன் வருகிறது என்று வைத்துக்கொள்வோம். ஓய்வூதிய நிலுவையை 12 வாரத்துக்குள் 6 சதவீத வட்டியோடு கொடுக்கச் சொல்லி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டிருந்தது. 12 வாரம் போய் ஏழு மாதமும் ஆனது, பணம் வரவில்லை. வேறு வழியில்லாமல் நீதிமன்ற அவமதிப்பு மனு, அதாவது கன்டெம்ப்ட் மனு போட்டார். அதிகாரிக்கு நோட்டீஸ் போனதும் அதுவரை அசையாத ஃபைல் அசைகிறது, போனும் வருகிறது. டீச்சருக்கு யாரையும் சிறைக்கு அனுப்பும் ஆசை கிடையாது. பணம் வந்தால் போதும். வாபஸ் வாங்கிவிடலாமா?

வாங்கலாம். ஆனால் அந்தப் போனை நம்பி வாங்கக் கூடாது. ஏன் என்பதற்கு, அவமதிப்பு மனு என்றால் என்ன என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் அவமதிப்பை இரண்டாகப் பிரிக்கிறது. நீதிமன்றத்தின் தீர்ப்பையோ உத்தரவையோ வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் உரிமையியல் அவமதிப்பு. வக்கீல்கள் 'சிவில் கன்டெம்ப்ட்' என்பார்கள். நீதிமன்றத்தின் மாண்பைக் குலைக்கும்படி பேசுவது, எழுதுவது, நீதி நடவடிக்கையில் குறுக்கிடுவது போன்றவை குற்றவியல் அவமதிப்பு. டீச்சருடையது முதல் வகை. செய்தித்தாளில் பெரிய எழுத்தில் வருவது பெரும்பாலும் இரண்டாவது வகை. உயர் நீதிமன்றத்தில் தினமும் பட்டியலில் வருவதோ முதல் வகைதான்.

தண்டனை இரண்டுக்கும் ஒன்றே: அதிகபட்சம் ஆறு மாதச் சிறை, அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். 1971-ல் எழுதிய அந்த 2,000 இன்னும் 2,000-தான். ஆயிரக்கணக்கான கோடி ரூபாய் வங்கிக் கடன் வழக்கில் உத்தரவை மீறிய விஜய் மல்லையாவுக்கு 2022 ஜூலையில் உச்ச நீதிமன்றம் விதித்த அபராதமும் 2,000 ரூபாய்தான், கூடவே நான்கு மாதச் சிறை. அதிகாரிகள் பயப்படுவது இந்தத் தொகைக்காக அல்ல என்பது சொல்லாமலே விளங்கும். மனுவில் பதவியோடு சொந்தப் பெயரும் ஏறுகிறது, நீதிமன்றத்தில் நேரில் வந்து நிற்க நேரலாம், பணிப் பதிவேட்டில் கறை படியலாம். அந்தப் பயம்தான் ஃபைலை நகர்த்துகிறது.

இனி முக்கியமான விஷயத்துக்கு வருவோம். சொத்து வழக்கு போட்டவர், 'எனக்கு வேண்டாம்' என்று அதைக் கைவிடலாம். அவர் வழக்கு, அவர் விருப்பம். அவமதிப்பு மனு அப்படிப்பட்டதல்ல. உத்தரவு உங்களுக்காகப் போடப்பட்டிருந்தாலும் மீறப்பட்டது நீதிமன்றத்தின் சொல். ஆகவே சட்டத்தின் பார்வையில் இது நீதிமன்றத்துக்கும் மீறியவருக்கும் இடையிலான விவகாரம். மனுதாரர், நடந்ததை நீதிமன்றத்தின் காதில் போடுபவர் மட்டுமே. 'பங்காளிக்கும் எனக்கும் சமாதானம் ஆகிவிட்டது' என்று சொன்ன மாத்திரத்தில் நீதிமன்றம் ஒதுங்கிக்கொள்ள வேண்டிய கட்டாயம் இல்லை. வாபஸுக்கு அனுமதி கேட்கலாம், கொடுப்பதும் மறுப்பதும் நீதிபதியின் கையில் இருக்கிறது.

இது ஏட்டுச் சுரைக்காய் இல்லை என்பதற்கு இரண்டு வழக்குகளைப் பார்க்கலாம். பாபர் மசூதி இடிப்பு தொடர்பாக முகமது அஸ்லம் பூரே என்பவர் உச்ச நீதிமன்றத்தில் அவமதிப்பு மனு போட்டிருந்தார். அவர் 2010-ல் இறந்துபோனார். மனு அவரோடு போகவில்லை. 2022 ஆகஸ்ட் 30 அன்று, இனி இதில் நடத்த ஒன்றுமில்லை என்று நீதிமன்றமே முடித்துவைக்கும் வரை கோப்பில் உயிரோடு இருந்தது. இன்னொன்று இதற்கு நேர்மாறு. 2019 தேர்தல் நேரத்தில், உச்ச நீதிமன்றம் சொல்லாத ஒன்றைச் சொன்னதாகப் பேசினார் என்று ராகுல் காந்தி மீது பா.ஜ.க.வின் மீனாட்சி லேகி அவமதிப்பு மனு போட்டார். ராகுல் காந்தி நிபந்தனையற்ற மன்னிப்புக் கேட்டார். மனுதாரர் தரப்பு மன்னிப்பை ஏற்கக் கூடாது என்று வாதிட்டது. அந்த ஆண்டு நவம்பர் 14 அன்று நீதிமன்றம் மன்னிப்பை ஏற்று, இனி கவனமாகப் பேசுங்கள் என்று சொல்லி முடித்தது. மனுதாரர் இல்லாமல் போனாலும் மனு நிற்கிறது, மனுதாரர் விடமாட்டேன் என்றாலும் மனு முடிகிறது.

மன்னிப்பைப் பற்றியும் இங்கேயே சொல்லிவிடலாம். நீதிமன்ற வராந்தாவில் அதிகாரி டீச்சரிடம் வந்து "தப்பா எடுத்துக்காதீங்கம்மா" என்று கைகூப்புவது நல்ல பண்பாடு, அவ்வளவுதான். சட்டத்தின் 12-ஆவது பிரிவு பேசும் மன்னிப்பு நீதிமன்றத்திடம் கேட்பது, நீதிமன்றம் திருப்தி அடைய வேண்டியது. மனுதாரர் மனமிறங்குவதால் அது நிறைவேறாது.

ஆனாலும் நடைமுறையில், உரிமையியல் அவமதிப்பில் மனுதாரர் வாபஸ் கேட்டால் பெரும்பாலும் அனுமதி கிடைத்துவிடுகிறது. உத்தரவு நிறைவேறிவிட்டது என்றால் நீதிபதிக்கும் அந்த வேலை முடிந்தது. முறையும் எளியது. உங்கள் வக்கீல், நீதிமன்றத்தில் உள்ள வழக்குக் கட்டின் மேல் 'வாபஸ் பெறுகிறோம்' என்று குறிப்பு (எண்டார்ஸ்மென்ட்) எழுதிக் கையெழுத்துப் போடுவார், அல்லது ஒரு மெமோ தாக்கல் செய்வார். வழக்கு அழைக்கப்படும்போது எழுந்து சொல்வார். நீதிபதி அதைப் பதிவு செய்து நாலைந்து வரியில் உத்தரவு போடுவார். இரண்டு நிமிட வேலை. இரண்டு நிமிடத்தில் முடிகிறது என்பதுதான் இதில் உள்ள ஆபத்தும்.

ஏனென்றால் அந்த நாலைந்து வரியில் எந்தச் சொல் விழுகிறது என்பதைப் பொறுத்துத்தான் உங்கள் பிற்காலம்.

'உத்தரவு நிறைவேற்றப்பட்டதைப் பதிவு செய்து மனு முடித்துவைக்கப்படுகிறது' என்று வந்தால் நல்லது. எதிர்த்தரப்பு என்ன கொடுத்தது, எப்போது கொடுத்தது என்பது நீதிமன்றப் பதிவில் ஏறிவிடுகிறது. 'வாபஸ் பெற்றதால் தள்ளுபடி' என்று மட்டும் வந்தால் அதில் நிறைவேற்றம் பற்றி ஒரு சொல்லும் இல்லை. நீங்களாக வந்தீர்கள், நீங்களாகப் போய்விட்டீர்கள். 'வலியுறுத்தப்படவில்லை' என்று எழுதினாலும் ஏறக்குறைய இதே கதைதான். 'தேவைப்பட்டால் மீண்டும் மனு செய்ய உரிமை அளித்து வாபஸ் அனுமதிக்கப்படுகிறது' என்பது நான்காவது வகை. வக்கீல்கள் பேச்சில் இது 'லிபர்ட்டி'. 'லிபர்ட்டி வாங்கினீங்களா?' என்று ஒரு வக்கீல் இன்னொரு வக்கீலைக் கேட்டால் இதைத்தான் கேட்கிறார்.

லிபர்ட்டிக்கு ஏன் இவ்வளவு மதிப்பு? சிவில் வழக்குகளுக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23-ஆவது கட்டளையில் தெளிவாகவே இருக்கிறது: அனுமதி பெறாமல் வழக்கைக் கைவிட்டவர் அதே விஷயத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது. அரசு அலுவலகங்களின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுக்களுக்கும் இந்தக் கொள்கை பொருந்தும் என்று 1986-ல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஒருவர் திரும்பத் திரும்ப மனுப் போட்டு, சாதகமான நீதிபதி கிடைக்கும்வரை பார்ப்பதைத் தடுக்கத்தான் இந்த ஏற்பாடு. அவமதிப்பு மனுவை லிபர்ட்டி இல்லாமல் வாபஸ் வாங்கிவிட்டு இரண்டாவது மனுவோடு போனால், எதிர்த்தரப்பு வக்கீலின் முதல் ஆட்சேபம் எதுவாக இருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

லிபர்ட்டி இருந்தாலும் இன்னொரு பூட்டு இருக்கிறது. பலர் இதில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். அவமதிப்பு நடந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஒரு வருடம் கடந்தால் நடவடிக்கை தொடங்க முடியாது என்கிறது சட்டத்தின் 20-ஆவது பிரிவு. டீச்சர் கதையில் தேதிகளைப் போட்டுப் பார்ப்போம். உத்தரவின் நகல் அலுவலகத்துக்குக் கிடைத்தது 2023 ஜனவரி 10. 12 வாரம் என்பது 84 நாள். ஏப்ரல் 4-ஆம் தேதியோடு கெடு முடிகிறது. அவமதிப்பு அங்கே தொடங்குகிறது. ஆக, 2024 ஏப்ரல் தொடக்கம் வரைதான் மனுப் போட நேரம். அவர் 2023 நவம்பரில் போட்டுவிட்டார், பிரச்சினை இல்லை. வருடத்துக்குள் மனு தாக்கலாகிவிட்டால், விசாரணை அதற்குப் பிறகு எவ்வளவு நீண்டாலும் கெடு அவரைத் தொடாது. பல்லவ் ஷேத் வழக்கில் 2001-லேயே உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்த விஷயம் இது.

இப்போது அந்தப் போன் 2024 மார்ச்சில் வருகிறது. டீச்சர் நம்பி வாபஸ் வாங்குகிறார். 'ஒரு வாரம்' மே மாதம் ஆகிறது. பில் பாஸ் ஆகவில்லை. போனில் பேசியவர் வேறு மாவட்டத்துக்கு மாறுதலாகிப் போய்விட்டார். மறுபடி மனுப் போடப் போனால் வருடம் முடிந்திருக்கிறது. முதல் மனு கோப்பில் கிடந்த மாதங்களைக் கழித்துக் கொடுங்கள் என்று கேட்கலாமா? சிவில் வழக்கில் லிபர்ட்டியோடு வாபஸ் வாங்கியவருக்கே, முதல் வழக்கு போடப்படவே இல்லை என்று வைத்துத்தான் கெடு கணக்கிடப்படும் என்கிறது அதே 23-ஆவது கட்டளை. 'தினமும் பணம் தராமல் இருக்கிறார்கள், ஆகவே தினமும் அவமதிப்பு' என்ற வாதமும் எளிதில் எடுபடாது. மீறல் தொடர்வது வேறு, ஒருமுறை நடந்த மீறலின் பாதிப்பு தொடர்வது வேறு என்று தெலங்கானாவிலிருந்து வந்த ஒரு வழக்கில் 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் பிரித்துக் காட்டியது. அதனால் லிபர்ட்டியை மட்டும் நம்பாமல் காலண்டரையும் பார்க்க வேண்டும். வருடம் முடியும் தறுவாயில் இருந்தால், என்னைக் கேட்டால், வாபஸ் பேச்சே எடுக்க வேண்டாம். "பணம் கணக்கில் ஏறட்டும், அடுத்த வாய்தாவில் சொல்கிறோம்" என்று வாய்தா வாங்கிக்கொள்வதுதான் சரி.

பணம் ஏறியது என்று தெரிந்த பிறகும் ஒரு நாள் பொறுத்து உத்தரவை எடுத்து வரி வரியாக வாசியுங்கள். அசல் வந்திருக்கும், 6 சதவீத வட்டி வந்திருக்காது. பணிக்கொடை வந்திருக்கும், விடுப்புச் சம்பளம் விட்டுப்போயிருக்கும். எதிர்த்தரப்பு 'இணக்க அறிக்கை' என்று ஒரு பிரமாணப் பத்திரம் போட்டால் அதன் நகலை வாங்கி, வங்கிப் பாஸ்புக்கை அருகில் வைத்துக்கொண்டு ஒத்துப் பாருங்கள். குறை இருந்தால் வாபஸுக்குப் பதில் அந்தக் குறையைச் சொல்லி ஒரு பதில் மனு.

இதுவரை சொன்னது அவசரப்பட்டு விட்டுக்கொடுக்காதீர்கள் என்பது. பிடித்துக்கொண்டே இருக்கக் கூடாத நேரமும் உண்டு. அது நம் ஊரில் அடிக்கடி வரும் நேரம்.

உயர் நீதிமன்ற உத்தரவுகளில் ஏராளமானவை, 'மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் தகுந்த உத்தரவு பிறப்பிக்க வேண்டும்' என்ற வகை. வாங்கியவர் வெற்றி என்று இனிப்புக் கொடுப்பார். உண்மையில் நீதிமன்றம் சொன்னது 'பரிசீலி' என்று மட்டும்தான், 'கொடு' என்று அல்ல. கெடு தாண்டியதும் அவமதிப்பு மனு போடுவார். நோட்டீஸ் கண்ட அதிகாரி அவசரமாகப் பரிசீலித்து, 'விதிகளில் இடமில்லை, நிராகரிக்கப்படுகிறது' என்று இரண்டு பக்கம் எழுதித் தந்துவிடுவார். மனுதாரருக்கு ரத்தம் கொதிக்கும். ஆனால் அவமதிப்பு அங்கே முடிந்துபோகிறது. அதிகாரி எழுதியது தப்பாகவே இருந்தாலும் அது புதிய உத்தரவு, அதை எதிர்த்துப் புதிய ரிட் போட வேண்டும், அவமதிப்பு மனுவுக்குள் வைத்து அதைச் சரிபார்க்க முடியாது என்று ராஜஸ்தானிலிருந்து வந்த ஒரு வழக்கில் 1996-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேலே போன ஓ.என்.ஜி.சி. தொடர்பான வழக்கிலும் 2014-ல் இதன் இன்னொரு முகத்தைப் பார்த்தோம். மூல உத்தரவின் நான்கு எல்லைக்கு வெளியே போய், அதில் இல்லாத புதிய சலுகையை அவமதிப்பு விசாரணையில் கொடுக்கக் கூடாது என்றது உச்ச நீதிமன்றம்.

இப்படிப்பட்ட இடத்தில் மனுவை முடித்துக்கொள்வதே புத்திசாலித்தனம். ஆனால் 'நிராகரிப்பு உத்தரவை எதிர்த்து வழக்குத் தொடர உரிமை அளித்து' என்ற சொற்களைக் கேட்டு வாங்கிக்கொண்டு முடிக்க வேண்டும். கோபத்தில் மனுவை நடத்திக்கொண்டே இருந்தால் ஒரு வருடம் வீணாகும், கடைசியில் தள்ளுபடி ஆகும், மேலே போகவும் வழி குறைவு. 19-ஆவது பிரிவின்படி மேல்முறையீட்டு உரிமை தண்டிக்கப்பட்டவருக்குத்தான். தண்டிக்க மறுத்தார்கள் என்று மனுதாரர் அந்தப் பிரிவின் கீழ் மேல்முறையீடு போட முடியாது. இது அநியாயமாகத் தோன்றும். 'விவகாரம் நீதிமன்றத்துக்கும் மீறியவருக்கும் இடையில்' என்று மேலே சொன்ன கொள்கையின் இயல்பான விளைவு இது.

வாபஸ் வாங்க வேண்டிய இன்னொரு நேரம், ஆளை மாற்றிப் போட்டுவிட்டால். கெடு முடிந்த நாளில் அந்த நாற்காலியில் இருந்தவர் ஒருவர், மனுவில் பெயர் ஏறியவர் இன்னொருவர் என்று தெரியவந்தால் திருத்த மனு போடலாம், அல்லது லிபர்ட்டியோடு வாபஸ் வாங்கிச் சரியான பெயரில் புதிதாகப் போடலாம். காலண்டர் இடம் கொடுக்காவிட்டால் திருத்த மனுதான் பாதுகாப்பு.

'மேல்முறையீடு போட்டிருக்கிறோம், ஆகவே கன்டெம்ப்ட்டை வாபஸ் வாங்குங்கள்' என்று சொன்னால் அசைய வேண்டாம். மேல்முறையீடு போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடையாணை வாங்கியிருக்க வேண்டும். தடை கேட்டு மனு நிலுவையில் இருந்தால், நீதிமன்றங்கள் முதலில் அதை விசாரித்துவிட்டு அவமதிப்புக்கு வரும் வழக்கம் உண்டு. அதுவரை உங்கள் மனு கோப்பில் இருப்பதுதான் நல்லது.

மனு போட்டதே உத்தரவை நிறைவேற்ற வைத்து, அதோடு தன் வேலையையும் முடித்துக்கொண்டதற்குப் பெரிய உதாரணம் நம் காவிரி. 2018 பிப்ரவரி 16 தீர்ப்பில், ஆறு வாரத்துக்குள் செயல்திட்டம் வகுக்கச் சொன்னது உச்ச நீதிமன்றம். கெடு முடிந்தும் மத்திய அரசு வகுக்கவில்லை. மார்ச் 31 அன்று தமிழ்நாடு அரசு அவமதிப்பு மனு போட்டது. திட்ட வரைவு வந்தது, மே 18 அன்று நீதிமன்றம் அதை ஏற்றது, அவமதிப்பு விவகாரமும் அத்தோடு முடிந்தது. யாரும் சிறைக்குப் போகவில்லை. ஜூன் 1 அன்று காவிரி மேலாண்மை ஆணையம் அரசிதழில் ஏறியது. ஓய்வூதியம் கேட்கும் டீச்சருக்கும் மாநில அரசுக்கும் இந்த மனுவின் பயன் ஒன்றேதான்.

தனியாருக்கு இடையிலான சிவில் வழக்கில் கீழமை நீதிமன்றம் போட்ட இடைக்காலத் தடையை ஒருவர் மீறினால், மக்கள் அதையும் 'கன்டெம்ப்ட்' என்றே சொல்வார்கள். அங்கே வழி வேறு. நடைமுறைச் சட்டத்தின் 39-ஆவது கட்டளையின் 2ஏ விதியின் கீழ் அதே நீதிமன்றத்தில் மனுப் போடுவார்கள். சொத்தைப் பற்றுகை (ஜப்தி) செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறை. பங்காளிகள் சமாதானமானால் இந்த மனுவும் மூல வழக்கோடு சேர்ந்து முடிவது வழக்கம்.

குற்றவியல் அவமதிப்பில் வாபஸ் என்ற பேச்சுக்கே இடம் குறைவு. அங்கே தனிநபர் ஒருவர் மனுப் போட வேண்டுமானால் அரசுத் தலைமை வழக்கறிஞரின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். நீதிமன்றம் தானாகவே முன்வந்தும் எடுக்கலாம். குறைந்தது இரண்டு நீதிபதிகள் அமர்ந்து விசாரிப்பார்கள். போட்டவர் பின்வாங்கினாலும் நீதிமன்றம் தானாகத் தொடரத் தடையில்லை. 2022 செப்டம்பரில் யூடியூபர் சவுக்கு சங்கருக்கு உயர் நீதிமன்ற மதுரைக் கிளை ஆறு மாதச் சிறை விதித்த வழக்கு, நீதிமன்றமே எடுத்தது. வாபஸ் வாங்க அங்கே மனுதாரர் என்று ஒருவரே கிடையாது. அந்தத் தண்டனையை இரண்டு மாதத்தில் உச்ச நீதிமன்றம் நிறுத்திவைத்தது வேறு கதை.

மீண்டும் டீச்சரிடம் வருவோம். அலுவலகம் கேட்கும் 'லெட்டரை' அவர் தரக் கூடாது. வாபஸ் என்பது நீதிமன்றத்தில் நடப்பது. அலுவலகத்தில் கொடுத்த கடிதம் ஃபைலில் ஏறி, அடுத்த வாய்தாவில் 'மனுதாரரே வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார்' என்று அரசு வக்கீலின் கையில் வந்து நிற்கும். பணம் வந்த பிறகு, வட்டி உட்பட எவ்வளவு வந்தது என்று தேதியோடு ஒரு தாளில் எழுதித் தன் வக்கீலிடம் கொடுத்து, நிறைவேற்றத்தைப் பதிவு செய்து முடிக்கச் சொல்லலாம். 'வக்கீல் என்னைக் கேட்காமல் வாபஸ் எழுதிவிட்டார்' என்ற புகார் எழாமல் இருக்க அந்தத் தாள் இருவருக்கும் உதவும்.

உத்தரவு இணையத்தில் ஏறியதும் கடைசிப் பத்தியைப் படியுங்கள். நீதிபதி வாய்மொழியாக லிபர்ட்டி கொடுத்திருப்பார், தட்டச்சில் விட்டுப்போயிருக்கும். அப்படி நடந்தால் ஆறு மாதம் கழித்துப் புலம்பாமல் அந்த வாரமே வக்கீலிடம் சொல்லி, வழக்கை 'ஃபார் பீயிங் மென்ஷன்ட்' என்ற தலைப்பில் மறுபடி பட்டியலில் போடச் சொல்லித் திருத்திக்கொள்ளலாம். சொன்னது என்ன, விட்டுப்போனது என்ன என்பது எல்லோருக்கும் நினைவிருக்கும்போதே செய்துகொள்ள வேண்டிய வேலை அது.